கூஞ்சு நிற்கும் வரை

அத்தர் பாட்டிலின் மூடி திரும்பவே இல்லை. கௌசர் துப்பட்டா முனையைச் சுற்றித் திருகிப் பார்த்தாள், பிறகு பல்லால் கடித்துப் பார்த்தாள். உள்ளறைத் திரைக்குப் பின்னால் ஆண்கள் அப்பாவைக் குளிப்பாட்டி முடித்து வெள்ளைத் துணி சுற்றிக்கொண்டிருந்தார்கள். திரை இடுக்கில் அண்ணன் சுஹேல் அகமதுவின் கை மட்டும் நீண்டு காத்திருந்தது.

"இன்னா பண்ற கௌசர்? சீக்கிரம் குடு."

"தொறக்க மாட்டேங்குது பாய்ஜான்."

"அப்படியே குடு, நான் பாத்துக்கறேன்."

கொடுத்தாள். அந்த விரல்கள் ஈரமாக இருந்தன, கற்பூர வாசனை அடித்தது. விடியற்காலைத் தொழுகைக்கு எழுந்த அப்பா ஆபித் பாஷா கட்டிலில் உட்கார்ந்தபடியே சாய்ந்துவிட்டார். முந்தின நாள் வரை காய்ச்சல் தலைவலி என்று எதுவும் இல்லை. நல்ல சாவு என்று வந்தவர்கள் எல்லோரும் சொன்னார்கள். போனவருக்கு நல்லதாக இருக்கலாம். இருக்கிறவளுக்கு ஒரு வாய் தண்ணீர் ஊட்டக்கூட நேரம் கொடுக்காத சாவில் என்ன நல்லது என்று கௌசருக்குப் புரியவில்லை.

கூடம் முழுக்கப் பெண்கள். பாறைக்கொல்லையில் பாதி வீடு முஸ்லிம், பாதி வீடு இந்து. ஆம்பூர் ஷூ கம்பெனிகளுக்குப் போகும் வேன்களில் எல்லோரும் நெருக்கியடித்து ஒன்றாகப் போய் வருகிறவர்கள். இன்று பல பேர் வேனை விட்டுவிட்டு இங்கே வந்து உட்கார்ந்திருந்தார்கள். பக்கத்து வீட்டு சௌந்தரம் காலையிலிருந்து கௌசரின் அருகைவிட்டு நகரவில்லை.

"இனிமே கூஞ்சு வந்தா யாரு சொல்லுவாங்க?" என்று ஒரு பெண் அழுதாள்.

"பாய் காது மாதிரி ஒரு காது இனிமே பொறக்கணும்" என்றாள் இன்னொருத்தி.

கௌசர் தலையைக் குனிந்துகொண்டாள்.

கூஞ்சு என்பது மலையின் சத்தம். ஊருக்கு மேற்கே நிற்கும் மொட்டைப் பாறை மலையின் அடியில், எவ்வளவு ஆழத்தில் என்று யாருக்கும் தெரியாத இடத்தில், சில நாட்களில் ஏதோ ஒன்று முரலத் தொடங்கும். கொஞ்ச நேரம் முரலும், தானாக நின்றுவிடும். ஒரே மாதத்தில் நாலைந்து தடவை வரும், பிறகு மழைக்காலம் முழுக்க வராமலும் இருக்கும். உருது பேசுகிறவர்கள் வைத்த பெயரையே ஊர் மொத்தமும் எடுத்துக்கொண்டது. ஒரு காலேஜிலிருந்து கருவிகளோடு வந்தவர்கள் ஒரு வாரம் கூடாரம் அடித்து உட்கார்ந்தார்கள். அந்த வாரம் மலை வாயே திறக்கவில்லை. அவர்கள் பிரியாணி சாப்பிட்டுவிட்டு வண்டியேறின மறுநாள் ஆசை தீர முரன்றது.

எல்லோர் காதுக்கும் அது எட்டாது. ஊரில் தலைமுறைக்கு ஒன்றிரண்டு பேருக்குத்தான் கேட்கும். ஆனால் கூஞ்சு வரும் நேரத்தில் பள்ளத்தில் ஆள் இருக்கக் கூடாது என்பது சின்னப் பிள்ளைக்கும் தெரியும். அங்கே எல்லாம் மணல் கலந்த மண். பார்க்கக் கெட்டியாக இருக்கும், கூஞ்சு வந்தால் பொலபொலவென்று சரிந்துவிடும். கௌசர் பிறப்பதற்கு முன்னால் கிணறு வெட்ட இறங்கியவர்கள் அப்படித்தான் மேலே வராமல் போனார்கள். அதற்குப் பிறகுதான் ஆபித் பாஷா தன் வீட்டு வாசல் புங்கமரத்தில் ஒரு தண்டவாளத் துண்டைக் கட்டித் தொங்கவிட்டார். கூஞ்சு ஆரம்பித்தால் இரும்புக் கம்பியால் விடாமல் அடிப்பார். கிணறோ, கக்கூஸ் தொட்டிக்குத் தோண்டின குழியோ, பிணம் அடக்கும் கபர்க் குழியோ, எதில் நின்றாலும் ஆட்கள் மேலே ஏறிவிடுவார்கள். நின்றதும் ஒரே ஒரு அடி. அதைக் கேட்ட பிறகுதான் மறுபடி இறங்குவார்கள்.

இந்த ஊரில் ஆபித் பாஷாவுக்கு இருந்த மரியாதை முழுக்க அந்தக் காதில்தான் இருந்தது. படிப்பு இல்லை, நிலம் இல்லை. தோல் பதனிடும் தொழிற்சாலையில் டிரம் ஓட்டியவர். வீடு அளவுக்கு இருக்கும் அந்த மரப் பீப்பாய்கள் நாள் முழுக்கத் தோலையும் தண்ணீரையும் உருட்டிக்கொண்டு இரையும். அந்த இரைச்சலுக்கு நடுவே நின்று நின்று கடைசியில் காது போய்விட்டது.

அது கௌசரைத் தவிர யாருக்கும் தெரியாது.

அவளுக்கே தற்செயலாகத்தான் தெரிந்தது. கல்யாணமாகிப் போன சுருக்கில் திரும்பி வந்தவள் அவள். கம்பெனியிலிருந்து மூட்டையாக வரும் ஷூ மேல்பாகங்களை வீட்டிலேயே கையால் தைத்துக் கொடுத்துக்கொண்டிருந்தாள். ஒருநாள் வாசலில் தைத்துக்கொண்டிருக்கும்போது அவளுடைய பின் பற்களில் மெல்லிய அதிர்வு ஏறியது, பிறகு காதில் கேட்டது. வாயை மூடிக்கொண்டு யாரோ தாலாட்டுவதுபோல ஒரு ஒலி. கூஞ்சு அவளுக்கும் கேட்கும் என்பதே அன்றுதான் அவளுக்குத் தெரிந்தது. சந்தோஷத்தில் ஊசியைத் தோலில் குத்தி வைத்துவிட்டு அப்பாவைப் பார்த்தாள். அவர் நாற்காலியில் நிம்மதியாக உட்கார்ந்து பல் குத்திக்கொண்டிருந்தார்.

அவள் முகத்தைப் பார்த்ததும் அவர் முகம் மாறியது. எழுந்தார். மரத்தடிக்குப் போய்க் கம்பியை எடுத்து அடித்தார். அடித்துக்கொண்டே அவள் முகத்தைத் திரும்பித் திரும்பிப் பார்த்தார்.

அதைப் பற்றி இருவரும் ஒரு வார்த்தைகூடப் பேசிக்கொள்ளவில்லை. அன்றிலிருந்து கௌசர் வாசலில்தான் தைப்பாள், ஆபித் பாஷா எதிரில் நாற்காலி போட்டு அவள் கையையே பார்த்துக்கொண்டிருப்பார். அவள் ஊசியைக் குத்திவிட்டுக் கைகளை மடியில் வைத்தால் கூஞ்சு வந்துவிட்டது. மறுபடி ஊசியை எடுத்தால் நின்றுவிட்டது. வயசான காலத்தில் மகள் வேலையை மேஸ்திரி மாதிரி கண்காணிக்கிறார் என்று தெருவில் கேலி செய்வார்கள். அவர் சிரிப்பார். என்ன சொன்னார்கள் என்று அவருக்குத் தெரிந்திருக்காது.

திரை விலகியது. ஜனாஸாப் பெட்டியைக் கூடத்தில் கொண்டுவந்து வைத்தார்கள். முகத்தை மட்டும் திறந்து காட்டினார்கள். சுஹேல் தலைமாட்டில் மண்டியிட்டான். சத்துவாச்சாரியில் வீடு கட்டிக் குடும்பத்தோடு போனவன், இன்ஷூரன்ஸ் ஆபீஸில் வேலை. ஊரைவிட்டுப் போனதிலிருந்து அப்பா தன்னிடம் போனில் பேசியதே இல்லை என்று அவனுக்கு மனத்தாங்கல். நேரில் வந்தாலும் நாலு வார்த்தைதான், அதுவும் இவன் ஒன்று கேட்டால் அவர் ஒன்று சொல்வார். வீட்டை விட்டுப் போனதற்குத்தான் இந்தத் தண்டனை என்று அவன் முடிவு கட்டியிருந்தான்.

"ஒரு வார்த்த என்கூட பேசிட்டுப் போயிருக்கலாம் இல்ல" என்றான் கௌசரிடம் தணிந்த குரலில். "அவ்ளோ கோபமா என்மேல?"

"கோபம்லாம் இல்ல பாய்ஜான்."

"நீ சொல்லுவ. போன் பண்ணா தொழுவுறாரு, தூங்குறாருன்னுதான் நீ எப்பவும் சொல்லுவ."

அவள் வாயைத் திறந்தாள். அப்பாவின் முகம் கீழே இருந்தது, தாடி சீவி, சுத்தமாக. அவர் காதில் பஞ்சு வைத்திருந்தார்கள். சுற்றிலும் அத்தனை பேர். இத்தனை வருஷம் பொத்தி வைத்ததை இந்த ஒரு மதியம் பொத்தி வைக்க முடியாதா? மண் மூடியபிறகு யாருக்கும் எதுவும் தெரிய வேண்டியதில்லை. 'பாய் காது' என்று சொல்லிக்கொண்டே இருக்கட்டும். அவள் வாயை மூடிக்கொண்டாள்.

ஜனாஸாவைத் தூக்கினார்கள். வாசல்வரை வந்த பெண்கள் அங்கேயே நின்றார்கள். தோள் மாறி மாறிப் பெட்டி தெருமுனையில் மசூதிப் பக்கம் திரும்பியது. மதிய லுஹர் தொழுகை முடிந்ததும் ஜனாஸாத் தொழுகை, பிறகு மலையடிவாரக் கபரஸ்தானில் அடக்கம். அங்கே பெண்கள் போகிற வழக்கம் இல்லை.

கூடம் மெல்லக் காலியாயிற்று. சிலர் சாப்பாடு கொண்டுவரப் போனார்கள். கௌசர் புங்கமரத்தடியில் அப்பாவின் நாற்காலிக்குப் பக்கத்தில் வந்து நின்றாள். நாற்காலியில் உட்கார மனம் வரவில்லை. மசூதி ஒலிபெருக்கி ஓய்ந்தது. கபரஸ்தான் பக்கமாக ஆட்கள் நடந்துபோகும் பேச்சரவம் கேட்டு, அதுவும் தேய்ந்தது.

அப்போது அவள் பின் பற்களில் அதிர்வு ஏறியது.

முதலில் அழுது அழுது தலை கிறுகிறுக்கிறது என்றுதான் நினைத்தாள். மூச்சை அடக்கிக்கொண்டு நின்றாள். இல்லை. அதேதான். ஆழத்திலிருந்து, மூடிய வாய்க்குள்ளிருந்து வருவதுபோல. இந்தத் தடவை வழக்கத்தைவிட ஜாஸ்தியாக இருந்தது.

"அக்கா, உங்களுக்குக் கேக்குதா?"

"இன்னாது?" என்றாள் சௌந்தரம்.

"ஒண்ணும் இல்ல."

உடலை வாங்கிக் கிடத்த மகன்தான் கபருக்குள் இறங்குவான். சுஹேல் இறங்குவான். போன வாரம் பெய்த மழையில் மண் ஊறியிருக்கும். ஆளுயரக் குழியில் குனிந்து நிற்கிற ஆளுக்கு, பக்கச் சுவர் சரிந்தால் நிமிரக்கூட அவகாசம் இருக்காது. கௌசர் போனை எடுத்து அண்ணனைக் கூப்பிட்டாள். சுவிட்ச் ஆஃப். தொழுகைக்கு அணைத்தவன் போட மறந்திருப்பான். மறுபடி கூப்பிட்டாள். அதே பதில்.

கம்பி நாற்காலியின் கீழேதான் கிடந்தது. அதை எடுத்தால் போதும். எடுத்தால் ஊர் கேட்கும். அடித்தது யார்? பாய் பெட்டியில் கிடக்கிறாரே, யாருக்குக் கேட்டது? உனக்கா? உனக்கு எப்போதிலிருந்து? ஒவ்வொரு கேள்வியாகப் பின்னால் போய்க் கடைசியில் அந்த நாற்காலிக்கு வந்து நிற்பார்கள். டிரம் ஓட்டிய செவிடன் மகள் கையைப் பார்த்து ஊரை ஏமாற்றினான் என்று இன்று சாயங்காலமே டீக்கடையில் பேசுவார்கள். கபர் மண் காய்வதற்குள் பேசுவார்கள். அவரிடம் இருந்ததே அந்த ஒன்றுதான்.

அவளுக்கு அப்பா மேல் கோபம் வந்தது. இன்னும் ஒரே ஒருநாள் இருந்திருக்கக் கூடாதா? அந்தக் கம்பியைத் தன் கையாலேயே எடுத்து அடித்துவிட்டுப் போயிருக்கக் கூடாதா?

கௌசர் குனிந்து கம்பியை எடுத்தாள். முதல் அடி தண்டவாளத்தின் ஓரத்தில் பட்டு வழுக்கியது. அடுத்தது நன்றாக விழுந்தது. பிறகு அவள் நிறுத்தவில்லை.

"கௌசரு! இன்னா பண்ற? வேணாம்மா, விடு" என்று சௌந்தரம் அவள் தோளைப் பிடித்தாள். வீட்டுக்குள் இருந்த பெண்கள் வெளியே வந்தார்கள். துக்கத்தில் புத்தி பிசகிவிட்டது என்று ஒருத்தி வாயில் துப்பட்டாவை வைத்துக்கொண்டு அழுதாள். கௌசர் தோளை உதறிவிட்டு அடித்துக்கொண்டே இருந்தாள்.

போன் அடித்தது. சுஹேல்.

"யாரு கௌசர் அடிக்கிறது? இங்க எல்லாரும் கேக்குறாங்க. பசங்களா?"

"பாய்ஜான், எறங்கிட்டியா?"

"எறங்கப் போறேன். குழி வெட்டின சமீருல்லா பாய் உள்ள நின்னு மண்ணு சமன் பண்ணிட்டிருக்காரு."

"அவரை மேல வரச் சொல்லு. நீயும் எறங்காத. கூஞ்சு வந்திருக்குது."

அந்தப் பக்கம் யாரோ எதையோ கேட்டார்கள். மசூதி நிர்வாகம் பார்க்கும் முத்தவல்லி ஷபீ அஹமதுவின் கனத்த குரல். "யாருக்குக் கேட்டுச்சாம்? ஸ்பீக்கர்ல போடுப்பா. எடுத்த ஜனாஸாவ சும்மா நிறுத்தக் கூடாது."

கபரஸ்தானின் காற்று போனில் இரைந்தது. நூறு ஆண்கள் அந்தப் பக்கம் நிற்பது அவளுக்குத் தெரிந்தது. அவர்களுக்கு நடுவில் தரையில் அப்பா.

"சொல்லும்மா" என்றார் ஷபீ அஹமது. அதட்டலாக இல்லை, பொறுமையாகவே கேட்டார். "யாருக்குக் கேட்டுச்சு?"

"எனக்குத்தான்."

"உனக்கா? நீ எப்படி..."

"எனக்குத்தான் கேக்கும், ஷபீ பாய். இவ்ளோ நாளும் எனக்குத்தான் கேட்டுச்சு. அப்பாக்குக் காது போய்டுச்சு. டிரம் சத்தத்துல எப்பவோ போய்டுச்சு. நான் தைக்கிறத நிறுத்துவேன், அவரு எந்திரிச்சுப் போய் அடிப்பாரு. அவ்ளோதான். ஒரு தடவகூட தப்பு நடக்கல. இப்பவும் தப்பு சொல்லல. தயவு பண்ணி மேல வாங்க."

சௌந்தரத்தின் கை அவள் முதுகில் வந்து படிந்தது. பிறகு ஷபீ அஹமது சொல்வது தூரத்தில் கேட்டது.

"சமீருல்லா, மேல ஏறு."

"இப்பத்தானே பாய்..."

"ஏறுன்னா ஏறு. எல்லாரும் தள்ளி நில்லுங்க. பாயைச் சுத்தி ஒக்காருங்க."

சலசலப்பு கேட்டது. 'செவுடா?' என்று யாரோ ஒருவன் கேட்டது தெளிவாகவே காதில் விழுந்தது. கௌசர் கண்களை மூடிக்கொண்டாள். ஸ்பீக்கரை அணைத்த சத்தம். சுஹேல் கூட்டத்தை விட்டு விலகி நடந்தான் போலிருக்கிறது, சருகுகள் நொறுங்கின.

"கௌசர்."

"சொல்லு பாய்ஜான்."

"அப்போ போன்ல என்கூட பேசாதது..."



"காது கேக்கல பாய்ஜான். போன்ல சுத்தமா கேக்காது. நேர்லன்னா வாய பாத்து ஏதோ சமாளிப்பாரு. நீ வேற வேகமா பேசுவியா, புரியாது. உனக்குத் தெரிஞ்சிடக் கூடாதுன்னு ரெண்டு வார்த்தையோட எந்திரிச்சுப் போய்டுவாரு."

"எங்கிட்டயாவது சொல்லியிருக்கலாமே நீ."

"எங்கிட்டயே அவரு சொல்லலையே."

சுஹேல் அழுதான். காலையில் வந்ததிலிருந்து அழாதவன். ஆபீஸ் ஆள் மாதிரி பெட்டி, துணி, பந்தல் என்று போனில் ஏற்பாடு செய்துகொண்டே இருந்தவன், இப்போது அடக்கமாட்டாமல் அழுதான். கௌசர் போனைக் காதில் வைத்துக்கொண்டு அதைக் கேட்டாள். ஒரு காதில் அண்ணன், இன்னொரு காதில் மலை.

"நீ போனதும் எங்கிட்டதான் கேப்பாரு" என்றாள். "அவன் இன்னா சொன்னான், பசங்க எப்படி இருக்காங்க, எல்லாம் ஒண்ணு விடாம கேப்பாரு. நான் கத்திக் கத்திச் சொல்லுவேன். உன் பெரியவன் மார்க் எவ்ளோன்னு ஊர் முழுக்க சொன்னது யாருன்னு நெனச்ச?"

"வெச்சிடாத" என்றான் சுஹேல். "லைன்லயே இரு."

"இருக்கேன்."

"இங்க ஓரத்துல கொஞ்சம் மண்ணு உதிர்ந்திருக்குது. ஜாஸ்தி இல்ல. ஷபீ பாய் குனிஞ்சு பாத்துட்டு திரும்பிப் போய் ஒக்காந்துட்டாரு."

வெயில் மரத்தின் இலைகள் வழியாக வாசலில் விழுந்திருந்தது. பெண்கள் ஒவ்வொருவராக உள்ளே போனார்கள். போகும்போது ஒருத்தி கௌசரின் கன்னத்தைத் தொட்டுவிட்டுப் போனாள். இன்னொருத்தி பார்க்காமலே போனாள். சௌந்தரம் ஒரு சொம்பில் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள்.

"இத்தினி வருசம் பக்கத்துலயே ஒக்காந்திருந்தேன். எனக்குக்கூட தெரியலயே" என்றாள். குறையாகச் சொன்னதாகத் தெரியவில்லை. "பாயி எவ்ளோ பயந்திருப்பாரு, பாவம்."

கௌசருக்கு அப்போதுதான் அது உறைத்தது. பயம். நாள் முழுக்க ஒரு ஊசியையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்த மனிதன். அவள் தண்ணீர் குடிக்க உள்ளே போனால்கூடக் கழுத்தைத் திருப்பிக் கதவைப் பார்த்துக்கொண்டே இருப்பார். அவள் ஜுரத்தில் படுத்த நாட்களில் கட்டில் பக்கத்திலேயே நாற்காலியைப் போட்டுக்கொண்டு இரவெல்லாம் அவள் கைகளைப் பார்த்துக்கொண்டிருந்தார். மகள் மேல் உள்ள பாசம் என்று அவள் நினைத்திருந்தாள். பாசமும்தான். எது எவ்வளவு என்று பிரித்துப் பார்க்க இனி ஆள் இல்லை.

மலை முரன்றுகொண்டே இருந்தது. இவ்வளவு நேரம் அது முரன்று அவள் கேட்டதில்லை. பின்பு மெல்லத் தணிந்தது. ஒலி தேய்ந்து, பற்களில் மட்டும் கொஞ்ச நேரம் மிச்சம் இருந்தது. அப்புறம் அதுவும் போய்விட்டது. சட்டென்று எல்லாம் மிகவும் தெளிவாகக் கேட்டன. தெருக்கோடியில் ஒரு பைக், உள்ளே பாத்திரம் வைக்கும் சத்தம், நெடுஞ்சாலையில் லாரிகள்.

ஒரே ஒரு அடி. அதற்காக மலையடிவாரத்தில் அத்தனை பேர் காத்திருக்கிறார்கள். அடித்தால் சமீருல்லா இறங்குவார், சுஹேல் இறங்குவான், அப்பாவை வாங்கிக் கிடத்துவார்கள், பலகை வைப்பார்கள், ஆளுக்கு மூன்று கைப்பிடி மண் போடுவார்கள்.

கம்பி அவள் கையில் இருந்தது.

"நின்னுடுச்சா?" என்றாள் சௌந்தரம்.

போனில் சுஹேலின் குரல் வந்தது.

"கௌசர்? நின்னுடுச்சான்னு ஷபீ பாய் கேக்குறாரு."

அவள் மலையைப் பார்த்தாள். வெயிலில் அது வெறும் பாறையாக நின்றது.

"இல்ல பாய்ஜான்" என்றாள். "இன்னும் இருக்குது. கொஞ்ச நேரம் ஆவும்."



"சரி" என்றான். "நிதானமா சொல்லு. ஒண்ணும் அவசரம் இல்ல. நாங்க அப்பா பக்கத்துலதான் ஒக்காந்திருக்கோம்."

சௌந்தரம் அவள் முகத்தைப் பார்த்தாள். புடவையை இழுத்து விட்டுக்கொண்டு மரத்தடியில் தரையில் உட்கார்ந்தாள். கௌசரும் கம்பியை மடியில் வைத்துக்கொண்டு அவள் பக்கத்தில் உட்கார்ந்தாள்.